லிண்டால் பஸ்ஸைத் தொடர்ந்த தகரங்கள்

அறுவடை முடிகிற சமயம், ஒரு சனிக்கிழமை காலையில், தென் ஆஸ்திரேலியாவில் பரோசா பள்ளத்தாக்கின் லிண்டால் ஊருக்குள் ஒரு சுற்றுலா பஸ் நுழைந்தது. அடிக்கிற ஆள் யாருமில்லாமலேயே டமடமவென்று அடிபட்டுக்கொண்டு, கும்பலாகத் தகரங்கள் அதன் பின்னால் வந்தன. அந்த வாரம் ஷிராஸ் திராட்சையின் விலை இறங்கியிருந்தது. ஊரே அதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்ததால் தகரங்களைக் கவனிக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. மண்ணெண்ணெய் டின், பால் வாளி, ஏரிலிருந்து கழற்றிய இரும்புத் தட்டு, கிரெட்ஸ் வீட்டு ஜாம் சட்டியின் மூடி என்று அவரவர் கொட்டகையில் காணாமல் போயிருந்ததெல்லாம் அதில் இருந்தன. ஆள் பிடித்து நடந்தால் எந்த உயரத்தில் இருக்குமோ அந்த உயரத்தில்தான் அந்தரத்தில் வந்தன. சாலைக்கு இடப்பக்கம் ஒரு கூட்டம், வலப்பக்கம் ஒரு கூட்டம், நடுவில் ஒன்றோடொன்று கலக்கவில்லை. இடப்பக்கத்தவை நிதானமாக அடித்தன, வலப்பக்கத்தவை அவசரமாக அடித்தன. இதைக் கேட்டதும் ஊருக்கு விஷயம் புரிந்துவிட்டது. ஊரில் இரண்டு கிறிஸ்தவக் கோவில். மேற்குக் கோவில்காரர்கள் ஞானப்பாட்டை இழுத்துப் பாடுவார்கள், கிழக்குக் கோவில்காரர்கள் அடுப்பில் பால் வைத்துவிட்டு வந்த அவசரத்தில் பாடுவார்கள். வந்திருப்பது இரண்டு கோவில் கல்லறைத் தோட்டத்துக்காரர்களும்தான். அதில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. யாருக்குக் கல்யாணம் என்பதுதான் சந்தேகம்.

எங்கள் பக்கத்தில் தகரம் அடிப்பது கல்யாணத்துக்கு மட்டும்தான். புதுசாகக் குடித்தனம் வைத்த ஜோடியின் வீட்டு முன்னால் ஊர் கூடி, கையில் கிடைத்ததை எடுத்து, காது கிழிய அடிக்கும். புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து உள்ளேயிருந்து கதவைத் திறந்து, வாங்க என்று கூப்பிட்டு, ஒயினும் கேக்கும் கொடுக்கிறவரை விடாது. கதவைத் திறக்காத கஞ்சப் பிரபுக்களுக்கு மூன்று நாள் அடித்ததுண்டு. எங்கள் முன்னோர் ஜெர்மனியிலிருந்து கப்பலில் வந்த நாளிலிருந்து இதில் மாற்றமில்லை. செத்தவர்கள் வந்து அடிப்பது புதுசு, அவ்வளவுதான்.

பஸ் பேக்கரி முன்னால் நின்றதும், மாவுக் கையோடு வெளியே ஓடிவந்தாள் கிளெனிஸ். பஸ்ஸில் மைக்கைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்த வழிகாட்டி மெல்வா நோஸ்கேவுக்கு அவள் நாத்தனார், செத்துப்போன கணவன் கீத்தின் தங்கை.

"அண்ணி! கல்யாணத்துக்குக் கூப்பிடலைன்னா பரவாயில்ல, ஒரு துண்டு கேக்காவது குடுத்து விட்டிருக்கக் கூடாதா? அதுவும் என் கடையிலேர்ந்தே வாங்கியிருக்கலாம்!"

"என்னடி உளர்ற?" என்றாள் மெல்வா.

"நானா உளர்றேன்? பின்னாடி திரும்பிப் பாருங்க. உங்க மாமனார் வாளிகூட வந்திருக்கு!"

மெல்வா திரும்பிப் பார்க்கவில்லை. பக்கத்தில் டிரைவர் எர்வின் ரோர்லாக்கைப் பார்த்தாள். எர்வினுக்குக் காது இரண்டும் சிவந்திருந்தன. ஜன்னல் கண்ணாடியை ஏற்றி மூடினார். பிறகு யாரும் கவனிக்கவில்லை என்று நினைத்துக்கொண்டு, இரண்டு விரற்கடை இறக்கிவிட்டுக்கொண்டார்.

இந்த இரண்டு பேரையும் பற்றிச் சொல்லிவிட வேண்டும். மெல்வாவுக்கு ஐம்பத்து நான்கு வயது, மேற்குக் கோவில். கீத் போனபின் வீட்டில் வானொலியோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தவள், அடிலெய்டு சுற்றுலா அலுவலகம் ஒன்றில் இந்த வேலைக்குச் சேர்ந்தாள். வாய்க்கு வேலை கொடுத்தால் போதும் என்று சேர்ந்ததுதான். எர்வின் கிழக்குக் கோவில். கொஞ்சம் திராட்சைத் தோட்டம் உண்டு, கல்யாணம் ஆகவில்லை, ஏன் ஆகவில்லை என்று கேட்டால் "நேரமில்ல" என்பார். ஒரு பயணத்துக்கு நாலு வாக்கியத்துக்கு மேல் பேசமாட்டார். அதில் இரண்டு "பாத்து ஏறுங்க", "பாத்து இறங்குங்க". பத்துப் பன்னிரண்டு வருடமாகச் சனிக்கிழமை தவறாமல் இருவரும் முன் இருக்கையில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து, அடிலெய்டிலிருந்து ஆட்களை ஏற்றிக்கொண்டு வந்து, இந்த ஒயின் ஆலை, அந்த ஒயின் ஆலை, கோவில், கல்லறைத் தோட்டம் எல்லாம் காட்டிவிட்டுச் சாயங்காலம் திரும்புவார்கள். மத்தியானம் வண்டிக்குள்ளேயே சாப்பாடு. அவள் கொண்டுவரும் மெட்வுர்ஸ்ட் இறைச்சி வைத்த ரொட்டியும், அவர் கொண்டுவரும் வெள்ளரி ஊறுகாயும் ஒரே டப்பா மூடியில். மெல்வாவுக்கு வாரத்தில் ஆறு நாள் வெறும் நாள், சனிக்கிழமைதான் நாள். இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. சொல்ல என்ன இருக்கிறது, முன் இருக்கையில்தானே உட்காருகிறோம் என்று நினைத்துக்கொண்டாள்.

வினையே அந்த முன் இருக்கைதான். குதிரைவண்டிக் காலத்தில் லிண்டாலில் கல்யாணமாகாத ஆணும் பெண்ணும் ஒரே வண்டியின் முன்பலகையில் உட்காரமாட்டார்கள். கோவிலிலேயே ஆண்கள் வலப்பக்கம், பெண்கள் இடப்பக்கம். முன்பலகையில் சேர்ந்து உட்கார்ந்து ஊரைத் தாண்டினால் அது கல்யாணம் முடிந்ததற்கு அறிவிப்பு, அதற்குமேல் பத்திரிகை வேண்டாம். மெல்வா முன்னால் உட்கார்ந்தது மைக் வயர் அதற்குமேல் எட்டாததால். செத்தவர்களுக்கு மைக் வயரைப் பற்றி என்ன தெரியும்? கல்லறைத் தோட்டத்தைத் தாண்டி வாராவாரம் போகிற ஜோடியைப் பார்த்தார்கள், ஒரே மூடியில் சாப்பிடுவதையும் பார்த்தார்கள், தகரத்தைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டார்கள். இவ்வளவு தாமதம் ஏனென்றால், பெண் மேற்கு, மாப்பிள்ளை கிழக்கு. இரண்டு தரப்பும் சேர்ந்து முடிவெடுக்க வேண்டும். கர்த்தரின் ஆயிரம் வருட ஆட்சி எப்போது வரும் என்ற வழக்கில் பிரிந்து, நூறு வருடத்துக்கு மேல் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காதவர்கள். கூட்டம் போட்டுப் பேசி முடிக்கப் பத்து வருடம் ஆகாதா? உயிரோடு இருந்திருந்தால் இன்னும் ஆகியிருக்கும்.

முதலில் பயணிகளுக்கு ஏக சந்தோஷம். மெல்போர்னிலிருந்து வந்த பல் டாக்டர் தம்பதி, இது டிக்கெட்டிலேயே சேர்த்தியா என்று கேட்டுக் கைதட்டினார்கள். ஆனால் பஸ் எங்கே போனாலும் தகரங்களும் போயின. ஒயின் ஆலைக்குள்ளே போனால் வாசலில் நின்று அடித்தன. பீப்பாய்க்குள் அடியில் படிந்திருந்த வண்டல் எல்லாம் அதிர்ச்சியில் மேலே கிளம்பிக் கலங்கிவிட்டது. அந்த வருடத்து ஷிராஸ் ஒயின் அத்தனையும் மங்கல். ஆலைக்காரர்கள் தலையில் கை வைத்துக்கொண்டார்கள். வெளிநாட்டிலிருந்து வந்த ஒரு நிபுணர் குடித்துப் பார்த்து, இப்படிப்பட்ட துணிச்சலான மங்கலைத் தான் கண்டதே இல்லை என்று பதக்கம் கொடுத்துவிட்டுப் போனார். அதனால் ஆலைக்காரர்களின் வாய் கொஞ்சம் அடைந்தது. பயணிகளின் வாய் அடையவில்லை. காது வலிக்கிறது, ஒயினை ருசிக்க முடியவில்லை, வழிகாட்டி சொல்வது ஒன்றும் விளங்கவில்லை என்று அலுவலகத்துக்குப் புகார் போக ஆரம்பித்தது.

மெல்வா தன் பாஸ்டரிடம் போனாள். அவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "நம்ம பக்கம் படுத்திருக்கிறவங்க உயிரோட இருக்கும்போதே கைதட்டினதில்ல, மெல்வா. எதுத்தாப்பல போய்க் கேளுங்க" என்றார். எதிர்க்கோவில் பாஸ்டர், "நல்லாக் காதுகுடுத்துக் கேளுங்கம்மா. எங்க ஆளுங்க இப்படித் தூங்கி வழிஞ்சா அடிப்பாங்க?" என்றார். அடுத்த சனிக்கிழமை மெல்வா பஸ்ஸின் கடைசி இருக்கையில் போய் உட்கார்ந்து, மைக் இல்லாமல் தொண்டை கிழியக் கத்திப் பார்த்தாள். புது ஜோடிக்குள் சண்டை போலிருக்கிறது, சமாதானம் பண்ணிவைக்க வேண்டும் என்று செத்தவர்கள் இரண்டு மடங்காக அடித்தார்கள். முன்னால் எர்வின் தனியாக உட்கார்ந்து ஓட்டினார். பிடரியைப் பார்த்தால் பாவமாக இருந்தது. மத்தியானத்துக்குள் மெல்வா முன் இருக்கைக்கே வந்துவிட்டாள்.

அப்புறம்தான் அலுவலகத்திலிருந்து மேலாளர் ட்ரெவர் பாஸ்கோ கூப்பிட்டனுப்பினார். நல்ல மனிதர், கெட்ட செய்தி சொல்லும்போது பிஸ்கட் கொடுப்பார். அன்று மேஜைமேல் பிஸ்கட் தட்டு இருந்தது.

"நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து போனாத்தான சத்தம் வருது? உங்களத் தெற்கே கடலோரப் பாதைக்கு மாத்திடறேன். அங்கயும் ஒயின் இருக்கு. எர்வின் இங்கயே ஓட்டட்டும், வேற பொண்ணு ஒருத்தி இருக்கா."

"வேற பொண்ணா? எங்க உட்காருவா?"

"எங்கன்னா, முன்னாடிதான்."

மெல்வா பிஸ்கட்டைத் தொடவில்லை. ஒரு வாரம் டைம் கொடுங்கள், சத்தத்தை நிறுத்திக் காட்டுகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தாள். வீட்டுக்கு வந்து அழுதாள். வேலை மாறுவதற்கு இவ்வளவு அழவேண்டுமா என்று தன்னையே திட்டிக்கொண்டு மறுபடியும் அழுதாள்.

அந்தச் சனிக்கிழமை பஸ் கல்லறைத் தோட்டத்தில் நின்றது. ஒரே வயல், நடுவில் வேலி, இந்தப் பக்கம் மேற்கு, அந்தப் பக்கம் கிழக்கு. பயணிகள் பழைய ஜெர்மன் எழுத்துகளைப் படம் பிடிக்க இறங்கினார்கள். மெல்வாவும் இறங்கி, வேலி ஓரமாகப் போய் நின்று, தகரங்களைப் பார்த்துக் கையைத் தூக்கினாள். தகரங்கள் ஓய்ந்தன. கீத்தின் கல் அவள் முதுகுக்குப் பின்னால் இருந்தது. அந்தப் பக்கம் திரும்ப அவளுக்குத் தைரியமில்லை.

"எல்லாரும் கொஞ்சம் கேளுங்க. தப்பா எடுத்துக்காதீங்க. இவ்வளவு தூரம் வந்திருக்கீங்க... பக்கத்துலேர்ந்துதான் வர்றீங்க, இருந்தாலும் சிரமம்தான். ஆனா நானும் எர்வினும் புருஷன் பொண்டாட்டி இல்ல. மைக் வயரு எட்டல, அதனால முன்னாடி உட்கார்றேன். வேற ஒண்ணுமில்ல." கொஞ்சம் நிறுத்தி, "வேற ஒண்ணுமில்ல" என்று மறுபடியும் சொன்னாள். பயணிகள் பல பேர், இது நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்துக் கைதட்டினார்கள். எர்வின் ஸ்டியரிங்கையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

செத்தவர்களுக்கு வெட்கமாகப் போய்விட்டது. அழையாத வீட்டுக்குப் போய்த் தகரம் அடித்த மாதிரி ஆகிவிட்டதே! தகரங்கள் ஒவ்வொன்றாகக் கீழே இறங்கின. மறுநாள் காலை அத்தனையும் அவரவர் கொட்டகையில், கழுவித் துடைத்து வைத்திருந்தது. கிரெட்ஸ் வீட்டு ஜாம் மூடியில் இருந்த பழைய நெளிசலைக்கூட நிமிர்த்தியிருந்தார்கள். அதோடு வெட்கத்தில் செத்தவர்கள் மூச்சையும் அடக்கிக்கொண்டார்கள் போலிருக்கிறது, பள்ளத்தாக்கு முழுக்க நிசப்தம் இறங்கிவிட்டது. தவளை கத்தினால் கேட்கவில்லை. பாட்டில் தக்கை பிடுங்கினால் சத்தமில்லை. பஸ் இன்ஜின் ஓடுகிறதா என்று கை வைத்துப் பார்க்க வேண்டியிருந்தது. மனிதர் பேச்சு மட்டும் கேட்டது, ஆனால் ஒருவர் பேசினால் ஊர் முழுக்கக் கேட்டது. வம்பு பேச ஆசைப்பட்டவர்கள் அடிலெய்டு வரை போய்ப் பேசிவிட்டு வந்தார்கள். மெல்வா மைக்கில் சொல்வதெல்லாம் எல்லா வீட்டுக்குள்ளும் கேட்டது. "அந்தக் கிணத்த வெட்டினது எங்க தாத்தா, நோஸ்கேக்காரங்க இல்ல!" என்று யாரோ தோட்டத்தில் நின்றபடி திருத்தினால், அதுவும் பஸ்ஸுக்குள் கேட்டது.

பாஸ்கோவுக்கு மகிழ்ச்சி. மெல்வாவின் இருக்கை அவளுக்கே என்று ஆயிற்று. கேட்டது கிடைத்துவிட்டது, அனுபவிக்க வேண்டியதுதானே? ஆனால் அடுத்த சனிக்கிழமை எர்வின் தன் வெள்ளரி ஊறுகாயைத் தனி டப்பாவில் கொண்டுவந்திருந்தார். ஜன்னல் பக்கம் திரும்பிச் சாப்பிட்டார். அவள் நீட்டிய ரொட்டிக்கு, "வேணாம், இருக்கு" என்றார். மெல்வா ரொட்டியைத் திரும்ப டப்பாவில் வைத்து மூடினாள். தகரங்கள் வந்த நாட்களில் அவள் எத்தனை திட்டு திட்டியிருக்கிறாள்! இப்போது ஒரு வாளியாவது பின்னால் வருகிறதா என்று கண்ணாடியில் பார்த்துக்கொண்டே வந்தாள். மூன்று நான்கு வாரம் இப்படியே போயிற்று. திராட்சை இலைகள் சிவந்து உதிரத் தொடங்கின.

மே மாதக் கடைசியில், மத்தியானச் சாப்பாட்டுக்குப் பின் பயணிகள் எல்லாம் அந்த நிசப்தத்தில் அசந்து தூங்கிக்கொண்டிருந்தார்கள். இரண்டு கோவிலுக்கும் நடுச்சாலையில் எர்வின் பஸ்ஸை நிறுத்தினார்.

"மெல்வா."

"என்ன, டீசல் தீந்துடுச்சா?"

"டீசல் இருக்கு." வெகுநேரம் ஸ்டியரிங்கைத் தடவினார். "எனக்கு அந்தச் சத்தமில்லாம வண்டி ஓட்ட வரல."

பேக்கரியில் மாவு பிசைந்த கை நின்றது. மேற்குக் கோவில் சமையலறையில் ஆப்பிள் தோல் சீவிக்கொண்டிருந்த பெண்கள் கத்தியைக் கீழே வைத்தார்கள். ஊர் முழுக்கக் காதாகிவிட்டது.

"அன்னிக்கு வேற ஒண்ணுமில்லன்னு சொன்னீங்க" என்றார் எர்வின். "ரெண்டு தடவ சொன்னீங்க."

"சொன்னா? நீங்க இருக்குன்னு சொல்லியிருக்கலாம்ல? கல்லு மாதிரி உட்கார்ந்திருந்தீங்களே! எத்தன வருஷம், எர்வின்! ஒரு வார்த்த, ஒரே ஒரு வார்த்த பேசக் கூடாதா?"

"மைக் உங்க கையிலல்ல இருந்துச்சு."

மெல்வாவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. அவள் பதில் சொல்வதற்குள் பேக்கரிப் பக்கமிருந்து கிளெனிஸின் குரல் வந்தது. "சரின்னு சொல்லித் தொலைங்க, அண்ணி! இங்க ரொட்டி கருகுது!"

"சனிக்கிழமை முடியாது, வண்டி இருக்கு" என்றாள் மெல்வா. "வெள்ளிக்கிழமை வச்சுக்கலாம்."

எங்கேயோ ஒரு கொட்டகையில் ஒரு டின் 'டொக்' என்றது. யாரோ அதை அதட்டி அடக்கினார்கள். இன்னும் வெள்ளிக்கிழமை வரவில்லையே.

எந்தக் கோவிலில் கல்யாணம் என்பதற்கு ஊர் இரண்டு நாள் அடித்துக்கொண்டது. கடைசியில் நடுச்சாலையில் வைத்தார்கள். இரண்டு பாஸ்டர்களும் தங்கள் தங்கள் ஓரத்தில் நின்று, ஆளுக்குப் பாதி ஜெபம் படித்தார்கள். ஞானப்பாட்டை இரண்டு கோவிலும் சேர்ந்து பாடியதில் கிழக்கு முதலில் முடித்துவிட்டு, மேற்கு வந்து சேரும்வரை கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தது. நூறு வருடத்தில் ஒரு தரப்பு இன்னொரு தரப்புக்காகக் காத்திருந்தது அன்றுதான்.

பொழுது சாயும் நேரத்துக்கு மெல்வா வீட்டு முன்னால் தகரங்கள் வந்தன. இந்த முறை உயிரோடிருப்பவர்களும் ஆளுக்கொன்றைத் தூக்கிக்கொண்டு வந்து நடுவில் நின்றார்கள், அதனால் யார் எந்தப் பக்கம் என்ற கணக்கு குழம்பிப்போயிற்று. அடித்த அடியில் ஜன்னல் கண்ணாடி ஒன்று விரிசல் விட்டது. அதோடு நிசப்தமும் தொலைந்தது, தவளைகள் விட்ட இடத்திலிருந்து கத்தத் தொடங்கின. உள்ளே மேஜைமேல் கிளெனிஸ் கொண்டுவந்த ஸ்ட்ராய்சல் கேக்குகள், மேலே வெண்ணெய்ப்பொடி உதிர உதிர அடுக்கியிருந்தன. எர்வின் புதுச் சட்டையில் கதவருகே நின்று காத்திருந்தார். மெல்வா தாழ்ப்பாளில் கை வைத்தவள் அப்படியே நின்றுவிட்டாள். இதே தாழ்ப்பாளை இருபத்திரண்டு வயதில் கீத்தோடு சேர்ந்து திறந்திருக்கிறாள்.

"திறக்க வேணாம்னா வேணாம்" என்றார் எர்வின். "மூணு நாள் அடிச்சாலும் நான் தாங்கிக்குவேன்."

"கையக் குடுங்க" என்றாள் மெல்வா.

இருவரும் சேர்ந்து திறந்தார்கள். வாளிகள், டின்கள், ஏர்த்தட்டுகள் எல்லாம் முண்டியடித்துக்கொண்டு உள்ளே வந்தன. மேஜைமேல் கேக் துண்டு துண்டாகக் குறைந்தது. எல்லாம் உள்ளே வந்தபின், வாசலில் ஒரே ஒரு மண்ணெண்ணெய் டின் மட்டும் தயங்கி நின்று அடித்துக்கொண்டிருந்தது. நிதானமும் இல்லை, அவசரமும் இல்லை, தாளமே இல்லை. பள்ளத்தாக்கில் அப்படி அடிக்கக்கூடிய ஆள் ஒருவர்தான் இருந்தார். ஊர் வாத்தியக் குழு அவரை ஒரே வாரத்தில் துரத்திவிட்டது. கல்யாணமான புதிதில் அவர் மேஜையில் விரலால் தட்டினாலே மெல்வா கையைப் பிடித்து நிறுத்துவாள்.

அவளுக்குக் கண்ணில் நீர் முட்டியது. துடைத்துக்கொள்ளவில்லை.

"கீத், என்ன வாசல்லயே நிக்கிறீங்க? உள்ள வாங்க. குளிருது."

டின் உள்ளே வந்தது. எர்வின் அதற்கு ஒரு நாற்காலி இழுத்துப் போட்டு, ஒயின் பாட்டிலை எடுத்தார்.

"இவருக்கு எது?" என்று மெல்வாவைக் கேட்டார்.

"ஷிராஸ். கொஞ்சமா ஊத்துங்க, அவருக்கு நெஞ்செரிச்சல்."

எர்வின் கொஞ்சமாக ஊற்றினார்.